இருபத்து நான்கு ஆண்டுகளுக்கு ஓர் அணிச்சல்



விழா என்றால் இனிப்பு இல்லாமல் இருப்பதில்லை. ஆனால், அவ்வினிப்பின் பெருமை நாவிற்குக் கிடைக்கும் சுவையோடு முடிந்துவிடுகின்றதா? இதனை நமக்கு உணர்த்துவதற்கென்றே அமைந்ததுபோல் ஒரு கற்பனை அணிச்சல் இருக்கின்றது. கேக் என்று நாம் பேச்சில் வழங்கும் பண்டமே அணிச்சல். அதனைக் கதையில் படைத்தவர் இங்கிலாந்தின் ஆக்ஸ்போர்டு பல்கலைக்கழகப் பேராசிரியராய் விளங்கிய ஜே. ஆர். ஆர். டோல்கீன் (1892–1973) ஆவார்.

மற்றோர் எழுத்தாளரின் பழைய கதையொன்றுக்கு முன்னுரை எழுதத் தொடங்கிய டோல்கீன், மாய உலகம் என்பதன் பொருளை விளக்க ஓர் உவமையைக் கையாண்டார். சமையற்காரர் ஒருவர் குழந்தைகளுக்கு அணிச்சல் செய்வதே அவ்வுவமை. எழுத எழுத உவமை வளர்ந்து தனிக்கதை ஆயிற்று. முன்னுரை முற்றுப்பெறாமலே நின்றுவிட்டது. அக்கதை 1967ஆம் ஆண்டில் 'ஸ்மித் ஆஃப் வூட்டன் மேஜர்' என்னும் சிறு நூலாக வெளிவந்தது.

வூட்டன் மேஜர் என்பது கதையில் வரும் சிற்றூரின் பெயர். அவ்வூரில் பெரிய மண்டபம் ஒன்றும், அதனைச் சார்ந்த சமையற்கூடமும் உண்டு. அங்குத் தலைமைச் சமையற்காரர் பதவி பெருமதிப்பு வாய்ந்தது. இருபத்து நான்கு ஆண்டுகளுக்கு ஒருமுறை, குளிர்காலத்தில், நற்குழந்தைகளின் விருந்து நடைபெறும். இருபத்து நான்கு சிறுவர் சிறுமியரே அழைக்கப்படுவர். தகுதியிருந்தும் விடுபட்டோர் உண்டு. தகுதியின்றி அழைக்கப்பட்டோரும் உண்டு. விருந்தின் சிகரமாய் விளங்குவதே பெரிய அணிச்சல். ஒரு தலைமைச் சமையற்காரருக்கு அதனைச் செய்யும் வாய்ப்பு வாழ்நாளில் ஒருமுறைக்கு மேல் கிட்டுவது அரிது.

அணிச்சலினுள் சிறு பொருள்களை மறைத்து வைப்பது அவ்வூர் வழக்கம். இது வெறும் கற்பனையன்று. கிறிஸ்துமஸ் காலத்தில் செய்யும் புட்டிங்கினுள் வெள்ளி நாணயம் ஒன்றை இட்டு வேகவைப்பதும், விழாக்காலம் நிறைவுறும் பன்னிரண்டாம் இரவில் அணிச்சலுள் ஓர் அவரை விதையை மறைத்து, அது கிடைத்தவரை அன்றைய அரசராக்கி மகிழ்வதும் இங்கிலாந்தில் இருந்த பழைய வழக்கங்களாகும்.

கதையில் அணிச்சல் செய்யும் பொறுப்பு நோக்ஸ் என்பவரிடம் வருகின்றது. குழந்தைகளுக்கு வேண்டியது தித்திப்பும் பகட்டும் மட்டுமே என்பது அவர் எண்ணம். ஆகவே, அணிச்சலின் மேல் சர்க்கரைப் பூச்சால் வெண்மலை அமைத்து, உச்சியில் தேவதை அரசியென ஒரு சிறு பொம்மையை நிறுத்தினார். பழைய மசாலாப் பெட்டி ஒன்றில் கருத்துக் கிடந்த சிறு நட்சத்திரம் அவர் கையில் அகப்பட்டது. அது மாய உலகிலிருந்து வந்தது என்று உதவியாளன் ஆல்ஃப் கூறினான். நோக்ஸ் அதனை நகைத்து ஒதுக்கிவிட்டு, மற்றப் பொருள்களோடு நட்சத்திரத்தையும் மாவில் கலந்துவிட்டார்.

விருந்தன்று கொல்லரின் மகன் தன்னையறியாமல் அந்த நட்சத்திரத்தை விழுங்கிவிட்டான். அன்று அதனை யாரும் அறியவில்லை, அவனும் அறியவில்லை. மாதங்கள் சென்றன. அவனுடைய பத்தாம் பிறந்தநாள் வைகறையில் பறவைகளின் ஒலி கேட்டு அவன் பாடத் தொடங்கியபோது, நட்சத்திரம் வாயிலிருந்து வெளிப்பட்டது. அதனை அவன் நெற்றியில் வைக்க, அங்கேயே அது நிலைத்தது.

இனிதான் நாம் கூர்ந்து நோக்க வேண்டும். நட்சத்திரம் பெற்ற அச்சிறுவன் அரசனாகவில்லை, செல்வனாகவும் ஆகவில்லை. தந்தையைப் போலவே கொல்லன் ஆனான். ஊரார்க்கு வேண்டிய சட்டி, தாழ்ப்பாள், கீல், குதிரை லாடம் ஆகியவற்றைச் செய்தான். ஆயினும், அவன் செய்தவை உறுதியோடு அழகும் உடையனவாயிருந்தன. ஓய்வு வேளையில் இரும்பையே இலையும் மலரும் போல் மெல்லியதாய் வடித்தான். பெற்ற பேறு அன்றாட உழைப்பில் ஒளிவிட்டது. கத்தி பிடித்துப் பால் வெட்டும் கைகளும், அடுப்படியில் உழைக்கும் கைகளும் இவ்வுண்மையை எளிதில் உணரும்.

அவன் மாய உலகிலும் பலமுறை உலவினான். ஒரு நாள் அதன் உண்மை அரசியைக் கண்டபோது, அணிச்சலின் மேலிருந்த பொம்மையை நினைத்து நாணினான். அரசியோ சினங்கொள்ளவில்லை. நினைவே அற்றுப்போவதைவிட ஒரு சிறு பொம்மையேனும் இருப்பது நன்று என்னும் கருத்துப்பட ஆறுதல் கூறினாள்.

ஆண்டுகள் பல கடந்தன. நட்சத்திரத்தை அடுத்த குழந்தைக்கு விட்டுக்கொடுக்கும் காலம் வந்தது. கொல்லனுக்கு அது எளிதாயில்லை. எனினும் பழைய பெட்டியில் அதனைத் தன் கையாலேயே வைத்தான். அடுத்து யாருக்கு என்று சொல்லும் உரிமை கிடைத்தபோது, எல்லாவற்றையும் நகைத்து ஒதுக்கிய அந்த நோக்ஸின் வழித்தோன்றலான டிம் என்னும் சிறுவனையே குறிப்பிட்டான்! அடுத்த விருந்தின் முடிவில் டிம் புதியதோர் அழகுடன் தனியே ஆடிக்கொண்டிருந்தான்.

நம் பள்ளியின் பரிசளிப்பு விழா மேடையில் எல்லாப் பிள்ளைகளும் ஏறிவிட முடிவதில்லை. தேர்ந்தெடுக்கும் ஆசிரியர்களாகிய நாமும் முற்றறிவு உடையோம் அல்லோம். பெயர் வாசிக்கப்படாத பிள்ளையின் பெற்றோர் தலைகுனிய வேண்டா. இன்று எந்தக் குழந்தையின் பங்கில் நட்சத்திரம் சென்றது என்பதை அக்குழந்தையே அறியாதிருக்கலாம். எனவே, ஒவ்வொரு பிள்ளைக்கும் நல்ல பங்கையே பரிமாறுவோம். மாணவர்களே, நீங்கள் பெற்றதை உங்கள் உழைப்பில் காட்டுங்கள். காலம் வரும்போது பகைமை பாராது பிறர்க்கு மனமுவந்து கொடுங்கள். பெரிய அணிச்சலின் சுவை அதுவே.