கண்ணிழந்த பாணன்: ஒரு திரைக்கதையின் நான்கு மொழிகள்

திருகோணமலையிலிருந்து புல்மோட்டைக்குச் செல்லும் வீதியில், நிலாவெளியைக் கடந்தபின் வருவது இறக்கக்கண்டி. ஒருபுறம் கடல், மறுபுறம் களப்பு. இரண்டும் கூடும் முகத்துவாரத்தின் மேலாக 2009ஆம் ஆண்டு திறக்கப்பட்ட நீண்ட பாலம் செல்கின்றது. தமிழரும் முஸ்லிம்களும் அயலவராக வாழும் இக்கரையோரத்துக்குக் கரைவலைத் தொழிலாளரின் அம்பாப் பாடல்களைத் தேடிச் சென்றிருந்தோம். மண்டாடி ஓரடி எடுத்துக் கொடுக்க, கயிறு பற்றி நிற்போர் அதனை வாங்கிப் பாடி, பாட்டின் தாளத்துக்கே காலை மணலில் ஊன்றி வலையை இழுப்பது அம்பா. உழைப்பின் அசைவிலிருந்து பாட்டுப் பிறந்தது என்பதற்கு இதனினும் வெளிப்படையான சான்று எமது நாட்டில் அரிது. ஆயின் நாம் சென்றவேளை, உழவு இயந்திரத்தில் பொருத்திய சுழலி ஒன்று கயிற்றைச் சுருட்டிக்கொண்டிருந்தது. பாட்டை எவரும் தடைசெய்யவில்லை. பாட்டுக்கு இருந்த வேலை போயிற்று, அவ்வளவே. முதியவர் சிலர் நினைவிலிருந்து சில அடிகளைச் சொன்னார்கள். சொன்னார்களேயன்றிப் பாடினார்கள் என்று கூறுதல் இயலாது.

திரும்பும் வழியில் பஸ்ஸில் ஏறிய விழிப்புலனற்ற ஒருவர், மார்பில் தொங்கவிட்டிருந்த சிறிய ஒலிபெருக்கிப் பெட்டியைத் திறந்து பாடத் தொடங்கினார். அவர் பாடியது ‘காசி’ என்ற தமிழ்த் திரைப்படத்தின் பாடல். அப்படத்தின் நாயகனும் விழிப்புலனற்றவன். அவனும் பாடிப் பிழைப்பவன். திரையில் விழிப்புலனற்றவனாக நடித்தவரின் வாயசைப்புக்காகப் பார்வையுள்ள ஒருவர் பாடிய பாட்டை, உண்மையிலே விழிப்புலனற்ற ஒருவர் தம் வயிற்றுக்காகப் பாடிக்கொண்டிருந்தார். இந்தச் சுற்றுவழி எம்மைச் சிந்திக்க வைத்தது. இக்கட்டுரை அதன் விளைவு.

முதலில் படத்தின் வரலாறு. மலையாளத்தில் வினயன் இயக்கிய ‘வாசந்தியும் லக்ஷ்மியும் பின்னே ஞானும்’ 1999இல் வெளிவந்தது. கலாபவன் மணி கிராமத்துப் பாடகன் ராமுவாக நடித்தார். 2001இல் வினயனே அதனைத் தமிழில் ‘காசி’யாக எடுத்தார், நாயகன் விக்ரம், இசை இளையராஜா. 2003இல் கன்னடத்தில் ‘நம்ம பிரீத்திய ராமு’ வெளிவந்தது. சஞ்சய் - விஜய் என்ற இரட்டையர் இயக்க, தர்ஷன் நடித்தார். இசை மீண்டும் இளையராஜா. தமிழ்ப் படத்துக்கென அவர் அமைத்த மெட்டுக்கள் கன்னடச் சொற்களோடு ஒலித்தன. 2004இல் தெலுங்கில் ‘சீனு வாசந்தி லக்ஷ்மி’ வந்தது. ஐந்தாண்டுகளுள் ஒரே பாணன் நான்கு மொழிகளிற் பாடிவிட்டான்.

இந்நான்கனுள் கன்னட வடிவமே எமது ஆய்வுக்கு மிகப் பயனுடையது. கலைத்தரம் இதற்குக் காரணமன்று. அது வணிகரீதியாகவும் பெருவெற்றி பெறவில்லை. மாஸான அடிதடிப் படங்களால் அப்போதுதான் பெயர்பெறத் தொடங்கியிருந்த தர்ஷன், இதில் வேறொருவகை நடிப்பைக் காட்டினார் என்ற பாராட்டு மட்டும் எஞ்சியது. எனினும், ஒரு கதை ஏன் மொழிமாற்றம் செய்யப்படாது மறுபடியும் எடுக்கப்படுகின்றது என்ற வினாவுக்குக் கன்னடத் திரையுலகின் பொருளாதார வரலாறு தெளிவான விடை தருகின்றது. சென்னைப் படப்பிடிப்பு நிலையங்களில் உருவான தமிழ், தெலுங்குப் படங்களும், அவற்றோடு இந்திப் படங்களும், கன்னட நாட்டுச் சந்தையைத் தம்வசம் வைத்திருந்த காலத்தில், குரல்மாற்றிய படங்களும் நுழையுமாயின் கன்னட நடிகருக்கும் தொழில்நுட்பக் கலைஞருக்கும் வேலையே இராது என்ற அச்சம் எழுந்தது. 1960களின் தொடக்கத்தில் எழுத்தாளர் அ. ந. கிருஷ்ணராவ் முதலானோர் முன்னின்ற இயக்கத்தின்பின் குரல்மாற்றம் நடைமுறையில் நின்றுபோயிற்று. இந்தியப் போட்டி ஆணைக்குழு 2015இல் வழங்கிய தீர்ப்புவரை சட்டத்தில் எழுதப்படாத இத்தடை நிலைத்தது.

இத்தடை மொழியுணர்வின் வெளிப்பாடு என்று மட்டும் கூறுவது அரைகுறை விளக்கமாகும். அது ஒரு சிறிய தொழில் தன் உழைப்பாளரைக் காத்துக்கொள்ள எழுப்பிய வேலி. ஆயின் வேலி குரலைத் தடுத்ததேயன்றிக் கதையைத் தடுக்கவில்லை. பிறமொழியில் வெற்றிபெற்ற கதையின் உரிமையை வாங்கி, உள்ளூர் நடிகரைக் கொண்டு மறுபடி எடுப்பது முதலீட்டாளனுக்கு ஆபத்துக் குறைந்த வழியாயிற்று. வேலை உள்ளூராருக்குக் கிடைத்தது. கற்பனை வெளியிலிருந்து வந்தது.

கதை என்ன சொல்கின்றது? வறிய குடும்பம், பாடிச் சம்பாதிக்கும் விழிப்புலனற்ற இளைஞன், அவனுக்குத் தங்கை, அவனை நேசிக்கும் பெண். ஊரார் மதிக்கும் பெரியமனிதர் ஒருவர் பாடகனுக்குக் கொடையாளராகத் தோன்றுகின்றார். பாடகன் அவரைத் தெய்வமாக நம்புகின்றான். அவரோ அவன் வீட்டுப் பெண்ணின் வாழ்வை அழிக்கின்றார். கண்ணில்லாதவன் காணாததைப் பார்வையாளர் காண்கின்றனர். படத்தின் உணர்ச்சி வலு முழுவதும் இந்த இடைவெளியில்தான் தங்கியுள்ளது. இங்கே கதாசிரியர் ஓர் உண்மையை நெருங்கிவந்து விலகிவிடுகின்றார் என்பது எமது துணிபு. கொடை என்பது கொடுப்பவனுக்கும் பெறுபவனுக்கும் இடையிலான உடைமை உறவு. கரைவலைச் சம்மாட்டி கொடுக்கும் முற்பணம் தொழிலாளியை அடுத்த பருவத்துக்கும் அவ்வலையோடு கட்டிவைப்பதை எமது கரையோரங்களில் எவரும் அறிவர். சம்மாட்டி நல்லவரா தீயவரா என்பது இரண்டாம் பட்சம். நல்ல சம்மாட்டியின் முற்பணமும் கட்டவே செய்யும். திரைக்கதையோ இவ்வுறவை ஒரு தனிமனிதனின் தீக்குணமாகச் சுருக்கிவிடுகின்றது. கொடையாளன் போலியானவன் என்பதே குற்றமாகின்றது. ஒரு பாடகன் ஏன் கொடையாளனை நம்பியே வாழவேண்டும் என்ற வினா எழவேயில்லை.

பாடகன் கண்ணிழந்தவனாக இருப்பது இந்த வினாவை எழவிடாது தடுக்கும் ஏற்பாடு. ‘ஒடிசி’யின் எட்டாம் பகுதியில் வரும் பாணனாகிய டெமோடோக்கஸுக்குக் கலைத்தெய்வம் கண்ணை எடுத்துப் பாட்டைக் கொடுத்தது என்கின்றது அக்காவியம். பாட்டு அங்கே வரமாகின்றது. வரத்துக்குக் கூலி கேட்கமுடியாது. ஆனால் அதே காவியத்தின் பதினேழாம் பகுதியில், பன்றி மேய்ப்பவன் யூமேயஸ், ஊரார் விரும்பி அழைக்கும் அந்நியர் யாவர் என எண்ணிச் சொல்லும்போது, குறிசொல்வோன், மருத்துவன், தச்சன் ஆகியோரோடு பாணனையும் மக்களுக்குத் தொழில்செய்வோருள் ஒருவனாகவே சேர்த்துக்கொள்கின்றான். தச்சனுக்கு அருகே பாணன் நிற்கும் இவ்விடம் எமக்கு மிக முக்கியமானது. பேரறிஞர் ஜோர்ஜ் தொம்சன் கிரேக்கக் கவிதையின் உழைப்புவேர்களைத் துலக்கிய நெறியில், அவரிடம் பயின்ற க. கைலாசபதி சங்கப் பாணரையும் கிரேக்கப் பாணரையும் ஒப்புநோக்கி 1968இல் ஆங்கில நூலாக வெளியிட்டதை இங்கு நினைவுகூர்தல் தகும்.

தமிழ் மரபிலும் இரு நோக்குகளும் உள. ஒருவர் கண்ணில்லாதவர், மற்றவர் காலில்லாதவர் என வழங்கும் இரட்டைப்புலவர் கதையில் ஒருவர் தோளில் மற்றவர் ஏறிச்செல்கின்றார். வெண்பாவில் முன்பாதியை ஒருவரும் பின்பாதியை மற்றவரும் பாடுகின்றனர். இதில் வரத்தைவிட வேலைப்பங்கீடே தெரிகின்றது. அந்தகக்கவி வீரராகவ முதலியாருக்குப் பிறர் முதுகில் எழுத்தை எழுதிக்காட்டக் கற்றுக்கொண்டார் என்ற செய்தி, கல்வி என்ற உழைப்பை மறைக்கவில்லை. அவர் யாழ்ப்பாணத்துப் பரராசசேகர மன்னனிடம் வந்து பரிசில் பெற்றார் என்ற மரபுச்செய்தியோ மீண்டும் எம்மைக் கொடையாளனிடமே கொண்டுவந்து நிறுத்துகின்றது.

கன்னட நாட்டுக்கு மீள்வோம். ‘நம்ம பிரீத்திய ராமு’வை எடுத்தோர் கேரளத்துக் கதையை விலைகொடுத்து வாங்கிய அதே நாட்டில், கதக் நகரில், வீரேசுவர புண்யாசிரமம் உள்ளது. பிறவியிலேயே கண்பார்வையற்ற பஞ்சாட்சரி கவாயி (1892 - 1944) கர்நாடக இசையையும் இந்துஸ்தானி இசையையும் முறையாகக் கற்று, வறிய வீட்டுப் பிள்ளைகளுக்கும் கண்ணில்லாப் பிள்ளைகளுக்கும் உணவும் உறைவிடமும் இசையும் கொடுத்த இடம் அது. சிறுவயதிற் பார்வையிழந்த புட்டராஜ கவாயி (1914 - 2010) அவருக்குப்பின் அதனை நடத்தினார். நாடகக் குழுவொன்றை அமைத்து, ஊர் ஊராக நாடகம் போட்டு, அவ்வருவாயாற் பிள்ளைகளைக் காத்தார் என்பதை நாம் அழுத்திச் சொல்லவேண்டும். இந்துஸ்தானி இசையிற் பெரும்புகழ் பெற்ற பசவராஜ ராஜகுரு பஞ்சாட்சரியின் மாணவர். இது வீரசைவ மடங்களின் ஆதரவில் வளர்ந்த நிறுவனம். துறவும் குருபக்தியும் அதன் மொழி. அக்கருத்துநிலையோடு எமக்கு உடன்பாடில்லை. எனினும் கண்ணில்லாதவன் பாடுவதற்குப் பல்லாண்டுப் பயிற்சி வேண்டும், பயிற்சிக்குச் சோறு வேண்டும், சோற்றுக்கு ஒரு வழி வேண்டும் என்ற எளிய உண்மையை அவர்கள் அறிந்திருந்தார்கள். திரைப்பட ராமுவுக்கோ யார் கற்பித்தார் என்பது கதைக்கு வேண்டப்படாத செய்தி.

கன்னடத் திரையுலகு இதனை அறியாததன்று. பஞ்சாட்சரி கவாயியின் வாழ்வைப்பற்றிய படத்துக்காக இசையமைப்பாளர் அம்சலேகாவும், பாடிய எஸ். பி. பாலசுப்பிரமணியமும் 1995ஆம் ஆண்டுக்கான இந்தியத் தேசிய விருதுகளைப் பெற்றனர். அது மகான் ஒருவரின் சரிதமாக எடுக்கப்பட்டது. கிராமத்துப் பாடகன் என்ற சாதாரண மனிதன் வேண்டியபோது கேரளத்துக்கே செல்லவேண்டியிருந்தது.

அந்த மலையாள மூலத்திலுள்ள முரணொன்றையும் குறிப்பிட்டாக வேண்டும். கலாபவன் மணி சாலக்குடியில் ஒடுக்கப்பட்ட சாதியைச் சேர்ந்த உழைப்பாளர் குடும்பத்திற் பிறந்து, ஓட்டோ ஓட்டிப் பிழைத்தவர். வயலிலும் வரம்பிலும் வழங்கிய நாட்டுப்பாடல்களைத் தம் குரலில் ஒலிநாடாக்களாக வெளியிட்டு, கேரளமெங்கும் மக்கள் விரும்பிக் கேட்கும் பாடகரானவர். கிராமத்துப் பாடகனாக அவர் நடித்த இப்படத்தின் பெயர்பெற்ற பாடலுக்கோ குரல் கொடுத்தவர் கே. ஜே. யேசுதாஸ். யேசுதாஸின் மேதைமையில் எமக்கு ஐயமில்லை. ஆயின் உண்மையான கிராமியக் குரல் திரையில் உடலாக மட்டுமே அநுமதிக்கப்பட்டது. தமிழிலும் விக்ரமின் கண்களே பேசப்பட்டன. கருவிழியை மேலேற்றி வெள்விழி தெரிய நடித்த அருமுயற்சிக்கு விருதும் கிடைத்தது, குரல் ஹரிஹரனுடையது. நடிகரின் உழைப்பைப் பாராட்டும் விமர்சனம், பாத்திரத்தின் உழைப்பைப்பற்றி ஒரு சொல்லும் சொல்லவில்லை.

இதற்கு மாறான படமொன்றுண்டு. 2009இல் பாலா இயக்கிய ‘நான் கடவுள்’ படத்தில், சிங்களப் படங்களிலும் நடித்த பூஜா, கண்ணில்லாப் பாடகி அம்சவல்லியாக வருகின்றார். அவள் பாடுவன பழைய திரைப்பாடல்களே. ஊனமுற்றோரைச் சொத்தாக வைத்துப் பிச்சையெடுப்பிக்கும் ஒருவனிடம் அவள் சிக்குகின்றாள். அவள் குரலின் வருவாய் அவனுக்குரியது. படத்தின் முடிவு ஆன்மீக மூடுபனிக்குட் சென்று மறைவதை நாம் ஏற்கவில்லை. ஆனால் பாட்டுக்கு ஒரு முதலாளி இருக்கின்றான், ஒருவன் பாட வேறொருவன் எண்ணியெடுக்கின்றான் என்பதை அப்படம் மறைக்கவில்லை. ‘காசி’யும் அதன் உடன்பிறப்புகளும் நான்கு மொழிகளிற் சொல்லாத செய்தி அது.

நிலாவெளியில் அந்தப் பாடகர் இறங்கியபோது நாமும் இறங்கினோம். அவருடைய தகப்பனார் கரைவலை இழுத்தவர் என்று பேச்சில் தெரிந்தது. அம்பா தெரியுமா எனக் கேட்டோம்.

“ஏன் தெரியாது சேர், வாப்பா இழுக்கக்குள்ள கேட்டதுதானே. அத பஸ்ஸுக்குள்ள பாடினா ஆரு காசு போடுவாங்க?”

கயிறில்லாமற் பாடினால் அது நிற்காது என்றும் சொன்னார். கையை இழுப்பதுபோல அசைத்து ஓரடி பாடிக்காட்டி, சிரித்து, நிறுத்திவிட்டார். சினிமாப் பாட்டென்றால் பாட்டே சனத்தைப் பிடித்துக்கொள்ளும், கயிறு தேவையில்லை என்பது அவர் கருத்து. எமது குறிப்பேட்டில் அன்று எழுதிய கோட்பாடுகளைவிட இது தெளிவாக இருந்தது.

ஒலிபெருக்கிப் பெட்டி நல்லதாயிருக்கின்றதே, எவ்வளவுக்கு வாங்கினீர்கள் என்று கேட்டோம். வாங்கவில்லை, நாள்வாடகைக்கு எடுத்தது என்றார். மழைநாளிற் பஸ்ஸில் ஆட்கள் குறைந்தாலும் வாடகை குறைவதில்லை. திருகோணமலைப் பக்கமாக வந்த அடுத்த பஸ்ஸின் ஓசை கேட்டதும் பெட்டியைத் திருத்திக்கொண்டு, கைத்தடியால் வீதியோரத்தைத் தட்டிப் பார்த்தபடி முன்னே சென்றார்.