பரணில் கிடக்கும் விளையாட்டுத் தகடுகள்

மும்பையில் வாழும் நம் தமிழ்க் குடும்பங்களுக்குப் பரண் என்பது இரண்டாவது வீடு. தாராவியின் ஒற்றை அறையானாலும், மாதுங்காவின் பழைய கட்டடமானாலும், செம்பூரின் காலனி வீடானாலும் இதில் மாற்றமில்லை. ஊரிலிருந்து கொண்டுவந்த பித்தளை அண்டா, கொலுப் பொம்மை, டிரங்குப் பெட்டி எல்லாம் அங்கேதான் இருக்கும். இவற்றுக்கிடையே, 1990-களின் கடைசியிலிருந்து பிள்ளைகளுக்கு வாங்கிக் கொடுத்த வீடியோ கேம் சிடிக்களும் டிவிடிக்களும் ஒரு பழைய பையில் கிடக்கக்கூடும். அவற்றைப் பற்றித்தான் இங்கே எழுத வந்தேன்.

"பிள்ளைகள் வளர்ந்து வேலைக்கும் போய்விட்டார்கள், இனி அவை எதற்கு?" என்று நீங்கள் கேட்கலாம். அந்தத் தகடுகளில் சில இனிக் கடையில் கிடைக்கமாட்டா. எடுத்துக்காட்டாக, 2008-இல் 'கஜினி' இந்திப் படத்தையொட்டி ஐதராபாத்தின் எஃப்எக்ஸ்லேப்ஸ் நிறுவனம் கணிப்பொறிக்கு ஒரு விளையாட்டை உருவாக்கியது. நம் ஏ.ஆர். முருகதாஸ் தமிழில் எடுத்த கதைதான் அது. 2009-இல் அதே நகரத்தின் அவ்ரோனா நிறுவனம் செய்த 'ஹனுமான்: பாய் வாரியர்' பிளேஸ்டேஷன் 2 கருவிக்கு வந்தது. கபடி, கிட்டிப்புள், பட்டம் விடுதல் ஆகியவற்றைத் திரைக்குக் கொண்டுவந்த 'தேசி அட்டா'வும் அதே காலத்தது. நம் தெரு விளையாட்டுகள் வீடியோ கேம் ஆனது அபூர்வம். பிளேஸ்டேஷன் 2 கருவியின் உற்பத்தியோ 2013 தொடக்கத்திலேயே நின்றுவிட்டது. புதிய தகடு அச்சாகப் போவதில்லை. வீட்டில் இருப்பதுதான் மிச்சம்.

தகட்டுக்கு வரும் கேடு

தகடு அழியாது என்று நம்பித்தான் வாங்கினோம். மும்பையின் மழைக்காலமோ நான்கு மாதம். அந்த ஈரத்தில் தகட்டின்மேல் பூஞ்சை படர்வதை நம்மில் பலரும் பார்த்திருக்கிறோம். மத்திய அமெரிக்காவின் பெலீஸ் நாட்டிலிருந்து வந்த ஒரு சிடியில், உள்ளேயிருக்கும் அலுமினியப் படலத்தையே ஒரு பூஞ்சை அரித்துவிட்டதை ஸ்பெயின் நாட்டு விஞ்ஞானிகள் 2001-இல் அறிவித்தார்கள். போதாக்குறைக்கு, இன்றைய மடிக்கணிப்பொறிகள் பெரும்பாலானவற்றில் தகடு செருகும் இடமே இல்லை. தகடு நன்றாயிருந்தும் போட இடமில்லை என்ற நிலை.

இதற்குத் தீர்வு, தகட்டை அப்படியே ஒரு கோப்பாக எடுத்து வைப்பது. அதைத்தான் ஐ.எஸ்.ஓ. கோப்பு என்கிறார்கள். சிடியில் கோப்புகளை அடுக்கும் முறைக்கு 1988-இல் வகுக்கப்பட்ட ஐ.எஸ்.ஓ. 9660 என்ற தரத்திலிருந்து வந்த பெயர் அது. தகட்டில் உள்ளவற்றைத் தேர்ந்தெடுத்து நகலெடுப்பது வேறு, தகட்டையே நகலெடுப்பது வேறு. முன்னது ஒரு நோட்டுப் புத்தகத்திலிருந்து கணக்குகளை மட்டும் எழுதிக்கொள்வது போன்றது. பின்னது அட்டை, பக்க எண், வெற்றுப் பக்கம் உட்பட முழுப் புத்தகத்தையும் படியெடுப்பது. விளையாட்டுக்குப் பின்னதுதான் வேண்டும். எந்தச் செய்தி தகட்டின் எந்த இடத்தில் இருக்கிறது என்பதையும் அது தேடும்.

எடுக்கும் முறை

முதலில் தகடு படிக்கும் கருவி தேவை. யு.எஸ்.பி. கம்பியில் இணைக்கும் டிவிடி டிரைவ் லாமிங்டன் சாலையில் கிடைக்கும். டாக்டர் தாதாசாகேப் பட்கம்கர் மார்க் என்பது அதன் அரசுப் பெயர். சொன்னால் டாக்சிக்காரரே திகைப்பார். மாதுங்கா, தாராவிவாசிகள் மாதுங்கா ரோடு நிலையத்தில் ஸ்லோ வண்டி ஏறினால் நேரே கிராண்ட் ரோடு. செம்பூர்க்காரர்கள் குர்லாவிலும் தாதரிலும் மாறவேண்டும்.

அடுத்தது தகட்டைத் துடைப்பது. மெல்லிய பருத்தித் துணியை நீரில் லேசாக நனைத்து, நடுவிலிருந்து விளிம்பை நோக்கி நேர்கோட்டில் துடையுங்கள். வட்டமாகத் துடைக்காதீர்கள். வட்டக் கீறல் செய்தியின் தடத்தோடு ஓடி, நெடுந்தூரம் கெடுத்துவிடும். சிடியில் படம் அச்சடித்த மேல்பக்கம்தான் மிக மெல்லியது. அங்கே நகம் பட்டாலே போச்சு.

பிறகு, விண்டோஸ் கணிப்பொறியில் 'இம்ஜ்பர்ன்' என்ற இலவச மென்பொருளால் தகட்டைப் படித்துக் கோப்பாக்கலாம். முழு சிடி 700 மெகாபைட், ஓரடுக்கு டிவிடி 4.7 கிகாபைட், ஈரடுக்கு 8.5 கிகாபைட் வரை வரும். 1990-களின் சில கணிப்பொறி விளையாட்டுகளிலும் முதல் பிளேஸ்டேஷன் தகடுகளிலும் பாட்டுகள் தனித் தடங்களாக இருக்கும். அவற்றை ஐ.எஸ்.ஓ.வாக எடுத்தால் விளையாட்டு ஓடும், இசை வராது. அவற்றைப் 'பின்', 'க்யூ' என்ற இரட்டைக் கோப்பாக எடுக்கவேண்டும்.

எடுத்தது சரியா என்று எப்படி அறிவது? ஒரே தகட்டை இருமுறை எடுங்கள். '7-ஜிப்' மென்பொருள், ஒரு கோப்புக்கு எஸ்.எச்.ஏ.-256 என்ற 64 இலக்க அடையாளத்தைக் கணக்கிட்டுத் தரும். கோப்பில் ஒரு புள்ளி மாறினாலும் இந்த அடையாளம் மாறிவிடும். இரண்டு கோப்புகளுக்கும் அது ஒன்றாயிருந்தால் நகல் சரியென்று நம்பலாம்.

ஒரு தகட்டின் கதை

தாராவியின் தொண்ணூறு அடி சாலைப் பக்கம் இட்லி வியாபாரம் செய்த ஓர் அம்மையார், சென்ற மழைக்காலம் முடிந்ததும் என்னிடம் ஒரு பையைக் கொண்டுவந்தார். அதில் 'தேசி அட்டா' டிவிடியும், பிளேஸ்டேஷன் 2 பெட்டியும் இருந்தன. மகன் துபாயில் வேலையில் இருக்கிறான். விடுமுறைக்கு வந்திருந்த பேரனுக்குக் கிட்டிப்புள் என்றால் என்னவென்றே தெரியவில்லையாம். சந்தில் ஆடிக் காட்ட இடமும் இல்லை.

"அண்ணாச்சி, இட்லி வித்த காசுல வாங்கினது. குப்பையில போட மனசு வரல. பேரப்புள்ள ஒரு தடவையாவது ஆடிப் பாத்துரட்டும்" என்றார்.

"குடுங்கம்மா, பாத்துருவோம்" என்றேன்.

பெட்டி உயிரோடுதான் இருந்தது. தகடு படிக்கும் லென்ஸ் மட்டும் செத்துவிட்டிருந்தது. தகட்டில் வெள்ளைப் பூஞ்சை. முதல் முறை பாதிக்கு மேல் படித்துவிட்டு நின்றது. துடைத்து, வேறொரு டிரைவில் போட்டதும் முழுதும் வந்தது. இருமுறை எடுத்தேன், அடையாளம் ஒத்துப்போனது. பேரன் ஊர் திரும்ப மூன்று நாள் இருக்கும்போது விளையாட்டு ஓடியது. "இது ஆச்சி ஊர்ல ஆடுறதா?" என்று அவன் கேட்க, அந்த அம்மையார் ரிமோட்டைக் கிட்டியாகவும் கரண்டியைப் புள்ளாகவும் பிடித்து விளக்க ஆரம்பித்துவிட்டார். திரையைவிட அந்த விளக்கம்தான் பையனுக்குப் பிடித்திருந்தது.

எந்தக் கருவியில் எப்படி?

கணிப்பொறி விளையாட்டானால் வேலை எளிது. 2012-இல் வந்த விண்டோஸ் 8 முதல், ஐ.எஸ்.ஓ. கோப்பை இருமுறை சொடுக்கினாலே அது ஒரு புதிய டிரைவாகத் தோன்றும். உள்ளேயுள்ள 'செட்அப்' கோப்பை இயக்கி நிறுவவேண்டியதுதான். அதற்கு முந்தைய விண்டோஸில் 'வெர்ச்சுவல் குளோன்டிரைவ்' போன்ற தனி மென்பொருள் வேண்டும். சில விளையாட்டுகள் ஆடும்போதும் தகட்டைக் கேட்கும். அப்போதும் கோப்பைத் திறந்தே வையுங்கள். 'சேஃப்டிஸ்க்' என்ற பூட்டுப் போட்ட பழைய தகடுகள் 2015-இல் வந்த விண்டோஸ் 10-லும் அதன் பின்னும் ஓடமாட்டா. அந்தப் பூட்டுக்குரிய பகுதியையே மைக்ரோசாஃப்ட் நீக்கிவிட்டது. பூட்டை உடைக்கக் கிளம்பாமல், 'ஜிஓஜி' போன்ற இணையக் கடையில் பூட்டில்லாத பதிப்பு விற்கிறார்களா என்று பார்த்து வாங்கிவிடுவது மேல்.

பிளேஸ்டேஷன் 2 தகட்டைக் கணிப்பொறியின் டிவிடி டிரைவே படிக்கும். அந்தக் கோப்பைக் கணிப்பொறியில் ஆட 'பிசிஎஸ்எக்ஸ்2' என்ற எமுலேட்டர் உண்டு. ஒரு கருவியைப் போலவே நடந்துகொள்ளும் மென்பொருளுக்கு எமுலேட்டர் என்று பெயர். இதற்குப் பயாஸ் என்ற கோப்பும் தேவை. அதை உங்கள் சொந்தப் பெட்டியிலிருந்தே எடுக்கவேண்டும். பழைய பெட்டியிலேயே ஆடவேண்டுமானால், 'ஓப்பன் பிஎஸ்2 லோடர்' மூலம் பென் டிரைவிலிருந்து ஓட்டலாம். அந்த அம்மையாருக்குச் செய்தது இதுதான். பெட்டியின் யு.எஸ்.பி. பழைய மெதுவான வகை என்பதால் இடையில் வரும் படக் காட்சிகள் தடுமாறும். பென் டிரைவ் ஃபேட்32 முறையில் இருந்தால் 4 கிகாபைட்டுக்கு மேற்பட்ட கோப்பை அது ஏற்காது, துண்டாக்க வேண்டும்.

கைப்பேசியில், கையடக்கப் பிஎஸ்பி கருவியின் விளையாட்டுகளுக்கு 'பிபிஎஸ்எஸ்பிபி' என்ற இலவச எமுலேட்டர் 2012 முதல் இருக்கிறது. பயாஸ் தேவையில்லை. ஆப்பிள் தன் கடையில் இத்தகைய மென்பொருளை 2024-இல் அனுமதித்தபின் ஐபோனுக்கும் வந்துவிட்டது. ஆனால் பிஎஸ்பியின் சிறு தகட்டைக் கணிப்பொறி படிக்காது; பிஎஸ்பி கருவி வழியாகவே எடுக்கவேண்டும்.

பெற்றோர் கவனத்திற்கு

"இவ்வளவு பாடு எதற்கு? இணையத்தில் ஐ.எஸ்.ஓ. சும்மா கிடைக்கிறதே" என்று பிள்ளைகள் சொல்வார்கள். இரண்டு காரணங்களால் வேண்டாம் என்கிறேன்.

ஒன்று சட்டம். 1957-ஆம் ஆண்டுப் பதிப்புரிமைச் சட்டத்தின் 52(1)(ஏஏ) பிரிவு, மென்பொருளை முறைப்படி வைத்திருப்பவர் அது தொலைந்தோ கெட்டோ போகாமலிருக்கக் காப்பு நகல் எடுக்க இடம் தருகிறது. திருட்டு நகல் என்று தெரிந்தே கணிப்பொறியில் பயன்படுத்துவதற்கோ 63-பி பிரிவில் 7 நாள் முதல் 3 ஆண்டு வரை சிறையும், 50,000 ரூபாய் முதல் 2 லட்சம் வரை அபராதமும் உண்டு. உரிமை மீறும் நோக்கத்தோடு பூட்டை உடைப்பது, 2012 திருத்தத்தில் வந்த 65-ஏ பிரிவின்கீழ் தனிக் குற்றம். ஆகவே தகடு உங்களுடையதாக இருக்கவேண்டும். எடுத்த கோப்பை அண்டை வீட்டாருக்குக் கொடுப்பதும் தகடு விற்றபின் வைத்துக்கொள்வதும் காப்பு நகலாகாது.

இன்னொன்று திருடர் பயம். விளையாட்டு என்று இறக்கிய கோப்பின் 'செட்அப்'பில் என்ன ஒளிந்திருக்கிறது என்று யாருக்குத் தெரியும்? இணையத்திலிருந்து வந்த கோப்புக்கு விண்டோஸ் காட்டும் எச்சரிக்கை, ஐ.எஸ்.ஓ.வுக்குள் வைத்த கோப்புக்கு வராமல் இருந்தது. அந்த ஓட்டையைத் தீயவர்கள் வெகுவாகப் பயன்படுத்தியபின், 2022 நவம்பரில்தான் மைக்ரோசாஃப்ட் அடைத்தது. பையன் ஆடும் அதே கணிப்பொறியில்தான் அப்பா வங்கிக் கணக்கையும் பார்க்கிறார் என்பதை மறக்கவேண்டாம்.

தீபாவளிக்கு வீடு ஒழிக்கும்போது இந்தத் தகடுகள்தான் முதலில் ரத்திவாலாவின் சாக்குக்குள் போகும். அங்கிருந்து தாராவி 13-ஆம் காம்பவுண்டில் பிளாஸ்டிக் அரைக்கும் இயந்திரத்துக்குப் போக வெகுதூரமில்லை. அதற்குமுன் ஒரு ஞாயிற்றுக்கிழமை பிற்பகலை ஒதுக்கிப் பையைக் கீழே இறக்குங்கள். தகடுகளைத் துடைத்து, கோப்பாக்கி, இரண்டு இடங்களில் வையுங்கள். எந்தத் தகடு யாருடையது, எந்த ஆண்டு வாங்கியது என்று ஒரு தாளில் தமிழில் எழுதி உடன் வைத்தால் இன்னும் நல்லது.