கணக்கில் வராத உழைப்பு

லூமுட் என்றதும் கடற்படைத் தளமும் பங்கோருக்குப் போகும் படகுத்துறையும்தான் நினைவுக்கு வரும். ஆனால் இங்கிருந்து சித்தியவான், ஆயர் தாவார் பக்கம், நம்மில் பலருடைய அம்மாவும் பாட்டியும் பால் மரம் வெட்டிய தோட்டங்கள் இருந்தன. அந்தப் பெண்களின் ஒரு நாளைச் சற்று எண்ணிப் பாருங்கள்.

விடியற்காலை நான்கு மணிக்கு எழுந்து அடுப்பு மூட்டி, சமைத்து, தூங்கும் பிள்ளையை ஆயாக் கொட்டகையில் விட்டுவிட்டுப் பெரட்டுக்கு ஓட வேண்டும். ஏன் அந்த அவசரம்? வெயில் ஏறுவதற்கு முன் மரத்தினுள் அழுத்தம் அதிகம். அப்போதுதான் பால் நன்றாக ஓடும். பட்டையை மெல்லியதாகச் சீவ வேண்டும். கத்தி ஆழமாகப் பட்டால் மரத்துக்குக் காயம், கங்காணியிடம் ஏச்சு. வெட்டி முடித்ததும் மறுபடி அதே நிரையில் நடந்து, மங்குகளில் நிறைந்த பாலை வாளியில் சேர்த்து, காண்டா போட்டுச் சுமந்து வந்தால் ஸ்டோரில் நிறுப்பார்கள். வீடு திரும்பினால் துணியும் தண்ணீரும் விறகும் காத்திருக்கும்.

இதில் கணக்கில் ஏறியது எது? ஸ்டோரில் நிறுத்த பால் மட்டும்தான். அந்தக் கூலியிலும் பாகுபாடு இருந்தது. 1920களின் இறுதியில் சில பகுதிகளுக்கு அரசாங்கம் நிர்ணயித்த நாட்கூலி ஆணுக்கு 50 காசு, பெண்ணுக்கு 40 காசு.

வெளிக்காட்டு வேலைக்குப் போன பெண்கள் முதுகில் தோம்பு சுமந்து புல்லுக்கு மருந்து அடித்தார்கள். அந்த மருந்துகளில் ஒன்றான பாராகுவாட், நகத்தையும் தோலையும் கெடுக்கும். உடலுக்குள் போனால் நுரையீரலை அழிக்கும். மருந்தடிக்கும் பெண்கள் படும் பாட்டை 2002-இல் தெனாகனித்தா அமைப்பு ஆய்வாக வெளியிட்டது. ஆனாலும் நம் நாட்டில் அதற்கு முழுத் தடை வந்தது 2020-இல்தான்.

2022 டிசம்பரில் பெர்கேசோ, இல்லத்தரசிகளுக்கான பாதுகாப்புத் திட்டத்தைத் தொடங்கியது. சந்தா ஆண்டுக்கு 120 வெள்ளி. வீட்டு வேலையும் வேலைதான் என்று சட்டம் ஒப்புக்கொண்டது நல்ல செய்தி. தகுதியுள்ள சகோதரிகள் தயங்காமல் பதிந்துகொள்ளுங்கள்.

ஆனால் 55 வயதுக்குள் உள்ளவர்களுக்கே அதில் இடம். அந்த வயதைத் தாண்டிய நம் தாய்மார்களின் கணக்கை யார் தீர்ப்பது? பிள்ளைகளாகிய நாம்தான். மூட்டு வலி, மூச்சு வாங்குகிறது என்று அம்மா சொன்னால், "வயசாயிடுச்சு" என்று ஒதுக்காதீர்கள். மருத்துவரிடம் அழைத்துப் போங்கள். தோட்டத்தில் என்ன வேலை செய்தார், எத்தனை வருடம் மருந்து அடித்தார் என்பதையும் சேர்த்துச் சொல்லுங்கள்.