ஹீரோயின் ஆகாததால் ஜெயித்த ஆச்சி!

'ஆச்சி' மனோரமாவின் நிஜப்பெயர் கோபிசாந்தா. 1937-ல் மன்னார்குடியில் பிறந்தார். அப்பா கைவிட்டதால், காரைக்குடி பக்கம் பள்ளத்தூருக்கு அம்மாவுடன் வந்தார். வீட்டு வேலை செய்து மகளை வளர்த்தார் அம்மா. வறுமை துரத்த, படிப்பை விட்டு 12 வயதில் நாடக மேடை ஏறினார்.

மேடையில் கதாநாயகியாகவும் கொடிகட்டியவருக்கு, 1958-ல் கண்ணதாசனின் 'மாலையிட்ட மங்கை' படத்தில் கிடைத்ததோ காமெடி வேடம். தயங்கினார் மனோரமா. "ஹீரோயினுக்கு நாலு வருஷம்தான் மவுசு, காமெடி என்றால் காலமெல்லாம் நடிக்கலாம்" என்கிற ரீதியில் கண்ணதாசன் தைரியம் சொன்னாராம். இதை மனோரமாவே பேட்டிகளில் சொல்லியிருக்கிறார்.

அது அப்படியே பலித்தது! 1963-ல் 'கொஞ்சும் குமரி'யில் கதாநாயகி ஆனாலும், அதையே பிடித்துக்கொண்டு நிற்கவில்லை. 1968-ல் 'தில்லானா மோகனாம்பாள்' வந்தது. சிவாஜி, பத்மினி இருந்தும் ஜில் ஜில் ரமாமணியை யாரால் மறக்க முடியும்?

வயசு ஏற ஏற அம்மா, பாட்டி வேடங்கள். மெட்ராஸ் பாஷையோ, கொங்குத் தமிழோ, எதுவும் அவர் வாயில் சரளமாக வரும். 'புதிய பாதை'க்கு தேசிய விருது, 2002-ல் பத்மஸ்ரீ, ஆயிரம் படங்களைத் தாண்டி கின்னஸ் சாதனை.

2015 அக்டோபர் 10-ந்தேதி ஆச்சி மறைந்தார். அவரோடு நடிக்க வந்த ஹீரோயின்கள் பலர் காணாமல் போனார்கள். சின்ன வேடம் என்று ஒதுக்காத ஆச்சிதான் கடைசி வரை நின்றார்.