ஸல்ஜம்: கிழங்கும் மண்ணின் தூய்மையும்

அரபியில் ‘லிஃப்த்’ என்றும் ‘ஸல்ஜம்’ என்றும் வழங்கும் கிழங்கே உருதுவில் ‘ஷல்கம்’. நம் காய்கறிக் கடைகளில் ‘டர்னிப்’. ஃபார்சிச் சொல்லான ஷல்கம் அரபுக்குள் வந்தபோது அதன் ஷீன் ஸீனாயிற்று. ஸீனுடன் உச்சரிப்பதே சரி என்பது அகராதி அறிஞர்களின் கருத்து. வளைகுடாவில் பணியாற்றியவர்கள் ஷவர்மாவுடன் சுவைத்த இளஞ்சிவப்பு ஊறுகாயும் இக்கிழங்கே. பீட்ரூட் துண்டுகளைச் சேர்ப்பதால் அந்நிறம் வருகிறது.

தமிழகத்தில் பலர் இதனை நூக்கலோடு மயங்கிக் கொள்கின்றனர். நூக்கல், முட்டைக்கோசின் இனம். மண்ணுக்கு மேலே பருக்கும் தண்டு. டர்னிப்போ கடுகின் நெருங்கிய உறவு. மண்ணில் பாதி புதைந்து பருக்கும் வேர்.

முஸ்லிம் அறிஞர்கள் வேளாண்மையை ஒரு கலையாகவே பேணினர். கி.பி. 10ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் இப்னு வஹ்ஷிய்யா ‘அல்ஃபிலாஹத்துன் நபத்திய்யா’வை அரபுக்குக் கொணர்ந்தார். 12ஆம் நூற்றாண்டில் செவில் நகரின் இப்னுல் அவ்வாம் எழுதிய ‘கிதாபுல் ஃபிலாஹா’, மண்ணை ஆராய்ந்து அறிதலையே வேளாண்மையின் முதற்படியாகக் கொள்கிறது. இந்நூல் 1802இல் மத்ரித் நகரில் ஸ்பானிய மொழிபெயர்ப்புடன் அச்சேறியது. மண்ணை அறிந்த பின்னரே விதை என்னும் அந்த ஒழுங்கு, திருவள்ளூர் மாவட்டத்தில், குறிப்பாகக் கும்மிடிப்பூண்டித் தொழிற்பேட்டையைச் சூழ்ந்து வாழ்வோருக்கு இன்றும் பொருந்துவதாகும்.

முதலில் பருவத்தைக் காண்போம். இக்கிழங்கு 15 முதல் 20 பாகை வெப்பத்தில் செழிப்பது. ஆகவேதான் நீலகிரியில் எளிதாக விளைகிறது. நம் பகுதியில் மிகக் குளிர்ந்த மார்கழி, தை மாதங்களிலும் பகல் வெப்பம் 30 பாகையை ஒட்டியே நிற்கும். ஐப்பசி, கார்த்திகையில் விதைத்தால் வடகிழக்குப் பருவமழை விதையை அடித்துச் சென்றுவிடும். எனவே மழை ஓய்ந்த டிசம்பர் நடுப்பகுதியே ஏற்ற காலம். சுமார் 45 நாள்களில் விளையும் ‘பூசா ஸ்வேதி’ போன்ற வெப்பம் தாங்கும் இரகத்தைத் தெரிந்தெடுத்தால், வெயில் ஏறுமுன் அறுவடை முடிந்துவிடும்.

இதனை நாற்றுவிட்டு நடலாகாது, வேர் கோணிவிடும். பொடிவிதையை மணலோடு கலந்து, ஓரடி இடைவெளியுள்ள வரிசைகளில், ஒரு சென்டிமீட்டர் ஆழத்தில் நேரடியாகத் தூவ வேண்டும். ஒரு வாரத்திற்குள் முளைக்கும். மூன்று நான்கு இலைகள் விட்டதும், செடிக்குச் செடி பத்து சென்டிமீட்டர் இருக்குமாறு கலைத்துவிட வேண்டும். பிடுங்கிய தளிர்கள் கீரையாகும். பச்சை எருவும் மிகையான யூரியாவும் இலையை வளர்த்துக் கிழங்கைச் சிறுக்கச் செய்யும். நன்கு மக்கிய தொழு உரமே போதும். நீர் ஒரே சீராகப் பாய வேண்டும். காயவிட்டுப் பின் மிகுதியாக ஊற்றினால் கிழங்கு வெடிக்கும். உப்புநீரையும் இது நன்கு தாங்காது. மீஞ்சூர் வட்டாரத்தில் கடல்நீர் நிலத்தடியில் புகுந்திருப்பது பல பத்தாண்டுகளாக அறியப்பட்ட செய்தி. அத்தகைய இடங்களில் சேமித்த மழைநீரே நலம்.

கிழங்கு ஐந்து முதல் ஏழு சென்டிமீட்டர் பருத்ததும் பிடுங்கிவிட வேண்டும். பெரிதாகட்டும் என்று காத்திருந்தால் நாரோடிக் காரம் ஏறும். பிடுங்கியவுடன் இலைகளை நறுக்கிவிட வேண்டும். இல்லையேல் அவை கிழங்கின் ஈரத்தை உறிஞ்சி அதனை வாடச் செய்யும்.

இனி மண்ணைப் பற்றிய கேள்வி. உலோகத் தொழிற்கூடங்களின் அருகிலும், நெடுஞ்சாலையோரத்திலும், கசடு கொட்டி மேடாக்கிய மனையிலும் ஈயம் முதலிய கன உலோகங்கள் படிந்திருக்கக் கூடும். ஈயம் மண்ணில் தலைமுறைகள் கடந்தும் தங்குவது. உடலுக்குத் தீங்கற்ற ஈய அளவு என ஒன்று அறியப்படவில்லை என்பது உலக சுகாதார நிறுவனத்தின் நிலைப்பாடு. குழந்தைகளின் மூளை வளர்ச்சியையே அது முதலில் தாக்குகிறது. கத்தரி, வெண்டை போன்ற காய்களைவிடக் கிழங்கிலும் கீரையிலும் இடர் மிகுதி. ஒன்று மண்ணுக்குள்ளேயே விளைகிறது; மற்றொன்றின் மீது தூசு படிகிறது.

வழக்கமான மண் பரிசோதனை கார அமிலநிலையையும் சத்துகளையுமே காட்டும். கன உலோகச் சோதனையைத் தனியே கேட்டுப் பெற வேண்டும். ஐயமிருப்பின் தொட்டியிலோ, ஓரடி உயரப் பாத்தியிலோ, எங்கிருந்து வந்ததென்று தெரிந்த மண்ணை நிரப்பிப் பயிரிடலாம். மக்கு உரமிடுவதும், புளிப்பு மண்ணுக்குச் சுண்ணாம்பு இடுவதும் ஈயம் பயிருக்குள் ஏறுவதைக் குறைக்கும். கிழங்கை நன்கு கழுவித் தோல் சீவுவதும் பயன்தரும். ஆயினும் கெட்ட மண்ணுக்கு அது மாற்றாகாது.

வீட்டுத் தோட்ட விளைச்சலில் ஜகாத் உண்டா என்று சிலர் வினவுவதுண்டு. ஷாஃபிஈ மத்ஹபில் சேமித்து வைக்கத்தக்க உணவுத் தானியங்கள், பேரீச்சை, திராட்சை ஆகியவற்றுக்கே கடமை, காய்கறிக்கு இல்லை. இமாம் அபூஹனீஃபா அவர்கள் காய்கறியிலும் உஷ்ரு உண்டென்றார்கள். எனினும் குடியிருக்கும் வீட்டு வளாகத்தில் விளைவதற்கு அது இல்லை என்பது ஹனஃபீ நூல்களின் முடிவு.

கடமை இல்லையெனினும் அண்டை வீட்டாருக்குக் கொடுப்பது நம் வழக்கம். பூமியிலிருந்து வெளிப்படுத்தித் தந்தவற்றில் நல்லதையே செலவிட வேண்டும், தாழ்ந்ததை நாடலாகாது என்பது அல்பகறா அத்தியாயத்தின் 267ஆம் வசனம் தரும் கருத்து. உணவு ஹலாலாக இருப்பதோடு தய்யிபாகவும் இருத்தல் வேண்டும். தொழிற்பேட்டையின் நிழலில் வாழ்வோர்க்கு அந்தச் சொல்லின் பொருள் மண்ணிலிருந்தே தொடங்குகிறது. ஆகவே விதை வாங்குமுன் மண்ணைச் சோதிப்பதே, நம் பிள்ளைகளுக்கும் அண்டை வீட்டாருக்கும் நாம் செலுத்த வேண்டிய முதல் உரிமையாகும்.