தேடியது ஏழு பேரை, சந்தேகித்தது ஒரு மொழியை

நீலசந்திரா கடைத்தெருவில் தக்காளிப் பேரம் தமிழில் தொடங்கும், கன்னடத்தில் சூடேறும், உருதுவில் முடியும். 1809-இல் ஆங்கிலேயர் பெங்களூரில் கன்டோன்மென்ட் அமைத்தபோது, கொத்தனாராகவும் சமையற்காரராகவும் வியாபாரியாகவும் தமிழர்கள் வந்து குடியேறினார்கள். அல்சூர், ஆஸ்டின் டவுன், நீலசந்திரா என்று பரவி இந்த நகரத்தைக் கட்டியவர்களில் அவர்களும் உண்டு. ஆனாலும் ஊரில் பதற்றம் என்றால் அவர்கள் மறுபடியும் வெளியூர்க்காரர்கள்தான். 1991 அதை நன்றாகவே காட்டியது.

அந்த ஆண்டு மே 21-இல் ஸ்ரீபெரும்புதூரில் ராஜீவ் காந்தி கொல்லப்பட்டார். கொலைத் திட்டத்தை நடத்திய விடுதலைப் புலிகள் இயக்கத்தின் ஒற்றைக்கண் சிவராசனைத் தேடிய வேட்டை பெங்களூருக்கு வந்தது. 'புலி'யைப் பற்றிய பயம் தமிழ் பேசுகிற எவர்மீதும் படிகிற நேரம் அது. ஆகஸ்ட் 20-இல் சிவராசன், அவருடைய கூட்டாளி சுபா உள்ளிட்ட ஏழு பேரின் உடல்கள் கிடைத்தன. கிடைத்த இடம் நீலசந்திரா அல்ல, அல்சூரும் அல்ல. தெற்குப் புறநகரான கோணனகுண்டேயில் ஒரு தனி வீடு. தமிழர் குடியிருப்புகளைச் சந்தேகிப்பது எவ்வளவு பயனற்றது என்பதற்கு இதைவிட வேறு சான்று தேவையில்லை.

பயம் அத்துடன் ஓயவில்லை, காரணத்தை மட்டும் மாற்றிக்கொண்டது. தமிழ்நாட்டுக்குத் தண்ணீர் விடச் சொன்ன காவிரி நடுவர் மன்றத்தின் இடைக்கால உத்தரவு டிசம்பரில் மத்திய அரசிதழில் வெளியானதும் பெங்களூரில் கலவரம் வெடித்தது. தமிழர் கடைகள் எரிந்தன, உயிர்கள் போயின. ஆயிரக்கணக்கானோர் உயிருக்குப் பயந்து தமிழ்நாட்டுக்கு ஓடினார்கள். தண்ணீர்ப் பங்கீட்டில் இவர்களுக்கு என்ன பங்கு? குடித்ததும் அதே காவிரித் தண்ணீர்தான். அல்சூர் ஏரிக்கரையில் நிறுவப்பட்ட திருவள்ளுவர் சிலைகூட 2009 ஆகஸ்ட் 9 வரை, பதினெட்டு ஆண்டுகள் திறக்கப்படாமல் மூடிக் கிடந்தது.

இது பெங்களூருக்கு மட்டும் வந்த நோய் அல்ல. 1919 ஜூனில் அமெரிக்க நகரங்களில் குண்டுகள் வெடித்தன. அட்டர்னி ஜெனரல் பால்மரின் வீடும் தப்பவில்லை. விசாரணை கடைசியில் சுட்டியது இத்தாலிய அராஜகவாதிகளின் குழு ஒன்றை. ஆனால் அதையடுத்து அரசு நடத்திய சோதனைகளின் முதல் அடி விழுந்தது நியூயார்க்கின் ரஷ்யத் தொழிலாளர் சங்கத்தின்மீது. ரஷ்யாவிலிருந்து வந்த யூதர் என்றாலே போல்ஷெவிக் என்ற எண்ணம் பரவியிருந்த காலம். டிசம்பர் 21-இல் அராஜகவாதி எம்மா கோல்ட்மன் உட்பட 249 பேரை 'பியூஃபோர்ட்' கப்பலில் ஏற்றி ரஷ்யாவுக்கு அனுப்பினார்கள். 1924-இல் வந்த குடியேற்றச் சட்டம் கிழக்கு ஐரோப்பிய யூதர்களுக்குக் கதவைக் கிட்டத்தட்ட சாத்தியது.

குற்றவாளிக்கு ஒரு பெயரும் முகவரியும் உண்டு. அதைக் கண்டுபிடிப்பது போலீஸின் வேலை, கடினமான வேலை. மொழியையும் மதத்தையும் கண்டுபிடிக்க யாருக்கும் சிரமமில்லை, அதனால்தான் பயம் அங்கே போய் நிற்கிறது.

இப்போது முறை வேறு ஆட்களுடையது. 2020 ஜனவரியில் பெல்லந்தூர் அருகே கரியம்மன அக்ரஹாராவில் 'வங்கதேசத்தவர்' என்று சொல்லிக் குடிசைகளை இடித்தார்கள். அங்கே இருந்தவர்களில் வட கர்நாடகக் கன்னடர்களும் அசாமியரும் உண்டு. இடித்தது சட்டவிரோதம் என்றது கர்நாடக உயர் நீதிமன்றம். வங்க மொழி பேசும் கூலிக்காரரிடம் இன்று 'எந்த ஊர்?' என்று சந்தேகத்தோடு கேட்பவர்களில் தமிழ் வீட்டுக்காரர்களும் இருந்தால், 1991-இலிருந்து நாம் ஒன்றும் கற்கவில்லை என்றுதான் அர்த்தம்.