நடந்தே ரோம் – 6: ஓநாயின் கண்கள்

ஸ்பானியப் படிக்கட்டின் அடியில், பாதி மூழ்கிய படகு வடிவ நீரூற்றருகே உங்களை நிறுத்திவிட்டுப் போனேன். பன்னிரண்டு பேர் குழு, மஞ்சள் குடையைத் தூக்கிப் பிடித்த வழிகாட்டி அம்மணி, பத்தடிக்கு ஒருமுறை முட்டியைத் தடவிக்கொள்ளும் அர்ஜென்டினா பெரியவர், எல்லாரையும் உங்களுக்குத் தெரியும். புதிதாக வந்தவர்கள் பழைய இதழ்களைப் புரட்டிக்கொள்ளுங்கள். இந்த வாரம் பாந்தியன் கோயிலின் குவிமாடம் என்று வாக்குக் கொடுத்திருந்தேன். பார்க்கலாம்.

அந்தப் படகு ஏன் பாதி மூழ்கிக் கிடக்கிறது? 1598-இல் திபேர் ஆற்று வெள்ளம் ஒரு படகை இங்கே கொண்டுவந்து ஒதுக்கியது, அதன் நினைவாகச் செதுக்கினார்கள் என்பது எல்லா வழிகாட்டிகளும் சொல்லும் கதை. எங்கள் அம்மணியும் சொன்னார். சொல்லி முடித்த கையோடு, "நிஜக் காரணம் வேறு. இங்கே வரும் தண்ணீருக்கு வேகம் போதாது" என்றார். அழுத்தம் குறைந்த தண்ணீரை ஆளுயரத்துக்குப் பீய்ச்ச முடியாது. அதனால் சிற்பி பியட்ரோ பெர்னினி 1620-களின் கடைசியில் தொட்டியைத் தரை மட்டத்துக்குக் கீழே இறக்கி, நடுவில் ஓர் ஓட்டைப் படகை வைத்துவிட்டார். தாவ முடியாத தண்ணீர் கசியட்டும். கசிவது ஓட்டைப் படகுக்கு அழகுதானே. இவருடைய மகன்தான் பிற்பாடு ரோமின் பாதிச் சதுக்கங்களில் உளி வைத்த ஜான் லொரென்சோ பெர்னினி.

"எந்தத் தண்ணீர்?" என்று கேட்டேன். அம்மணியின் முகம் மலர்ந்துவிட்டது. குழுவில் இரண்டு பேர் கைக்கடிகாரத்தைப் பார்த்தார்கள்.

சிறு குழுவோடு நடப்பதன் லாபம் இங்கேதான். ஐம்பது பேர் கூட்டமென்றால் காதில் ஹெட்ஃபோன் மாட்டி, மார்பில் எண் ஒட்டி, பெரிய சாலை வழியாகவே ஓட்டிக்கொண்டு போவார்கள். கேள்வி கேட்க வழியில்லை. கேட்டாலும் ஒரு சந்துக்குள் ஐம்பது பேரைத் திருப்ப முடியாது. பன்னிரண்டு பேரைத் திருப்பலாம். அம்மணி குடையை மடக்கி, "நேரே திரேவி நீரூற்றுக்குப் போகவேண்டாம். ஐந்து நிமிடம் கடன் கொடுங்கள்" என்றார். அந்த ஐந்து நிமிடம் இந்த வாரக் கட்டுரையை விழுங்கிவிட்டது.

அந்தத் தண்ணீரின் பெயர் ஆக்வா விர்கோ, கன்னி நீர். கி.மு. 19-இல், அகஸ்டஸ் பேரரசரின் வலக்கரமான அக்ரிப்பா வெட்டிய கால்வாய். தாகத்தில் தவித்த வீரர்களுக்கு ஒரு சிறுமி ஊற்றைக் காட்டிக்கொடுத்தாள் என்று பெயருக்குக் காரணம் சொல்கிறார்கள். நகருக்குக் கிழக்கே, கொலாத்தினா சாலையின் எட்டாவது மைல் கல்லருகே ஊற்று. அங்கிருந்து ஏறக்குறைய 21 கிலோமீட்டர் சுற்றி வருகிறது. அதில் 19 கிலோமீட்டர் நிலத்துக்கு அடியில். இந்த முழுத் தூரத்துக்கும் கால்வாய் இறங்கும் சரிவு 4 மீட்டர் அளவுதான். மோட்டார் கிடையாது, பம்பு கிடையாது. மட்டப் பலகையையும் கண்ணையும் நம்பி வெட்டிய சரிவு. வேகம் போதாத குறைக்கும் இந்தச் சரிவே காரணம்.

ரோம் என்றதும் நினைவுக்கு வருவது வானத்தில் வளைவு வளைவாக நடந்து வரும் நீர்ப்பாலங்கள். அவை படத்துக்கு நன்றாக இருக்கும். பகைவனுக்கும் நன்றாகக் கண்ணில் படும். தரைக்குள் பதுங்கி வந்த விர்கோதான் அடைபட்டும் தூர்வாரியும், ஒவ்வொரு தலைமுறையிலும் யாராவது ஒருவர் பழுதுபார்த்தும், இன்றைக்கும் ஓடிக்கொண்டிருக்கிறது.

அம்மணி எங்களை நிறுத்திய இடம் நசரேனோ தெரு. பெயர்ப் பலகை இல்லை, டிக்கெட் இல்லை, செல்ஃபி எடுப்பவர்களும் இல்லை. ஓர் இரும்புக் கம்பித் தடுப்பு. அதைப் பிடித்துக்கொண்டு குனிந்தால், தெருவுக்குப் பல அடி கீழே, சேறும் பாசியும் பிடித்த பெரிய பெரிய கல் வளைவுகள். கற்களை வழவழப்பாகச் செதுக்காமல், சுத்தியல் கொத்தோடு முரட்டுத்தனமாகவே விட்டிருக்கிறார்கள். வளைவுகளுக்கு மேலே ஓடும் பட்டையில் ஆழமாக வெட்டிய எழுத்துகள். கால்வாய் தரைக்கு மேலே வரும் கொஞ்சத் தூரத்தில் இதுவும் சேர்த்தி. அன்றைய தரை அங்கே கீழே இருந்தது. இரண்டாயிரம் ஆண்டுக் குப்பையும் இடிபாடும் நம்மை மேலே தூக்கிவிட்டிருக்கின்றன.

கல்வெட்டு கி.பி. 46-ஐச் சேர்ந்தது. வைத்தவர் கிளாடியஸ் பேரரசர். காயஸ் சீசர் குலைத்துப்போட்ட வளைவுகளை அஸ்திவாரத்திலிருந்து புதிதாகக் கட்டினேன் என்று அறிவிக்கிறது. காயஸ் சீசர் என்றால் வேறு யாருமில்லை, கலிகுலா. கிளாடியஸின் சொந்த அண்ணன் மகன். இந்தப் பக்கம் ஓர் அரங்கம் கட்டத் தொடங்கி, குறுக்கே நின்ற கால்வாயை இடித்தவன். முன்னால் இருந்தவர் கெடுத்ததை நான் சரிசெய்தேன் என்று தொடங்கும் திறப்பு விழாப் பலகைகளுக்கு இது மூதாதை.

எல்லாரும் நகரத் தொடங்கியபோது, அர்ஜென்டினா பெரியவர் கம்பியைவிட்டு நகராமல், "இதற்குள் ஓர் ஆள் நடந்து போகலாமா?" என்று கேட்டார். அம்மணி திரும்பி வந்துவிட்டார். "போயிருக்கிறார்கள். படையே போயிருக்கிறது."

கி.பி. 537. கோத் இனத்து அரசன் விடிஜஸ் ரோமை முற்றுகையிட்டிருந்தான். உள்ளே கான்ஸ்டான்டிநோபிளிலிருந்து வந்த தளபதி பெலிசாரியஸ், கையில் சுமார் 5,000 வீரர்கள். கோத்துகள் முதலில் செய்த காரியம், நகருக்கு வரும் நீர்ப்பாலங்களையெல்லாம் உடைத்தது. பெலிசாரியஸ் செய்த முதல் காரியம், வறண்டுபோன கால்வாய் வாய்களையெல்லாம் கல் வைத்து அடைத்தது. ஆள் நுழையும் அளவுள்ள குழாய் என்றால் அது பகைவனுக்கு நெடுஞ்சாலை என்பது அவருக்குத் தெரியும். அதற்கு முந்தைய ஆண்டு நேப்பிள்ஸ் நகரை அவரே ஒரு நீர்க்கால்வாய் வழியாக ஆளனுப்பித்தான் பிடித்திருந்தார்.

அதே யோசனை கோத்துகளுக்கும் வந்தது. ஓரிரவு விளக்கும் தீப்பந்தமுமாக ஒரு கூட்டம் வறண்ட விர்கோவுக்குள் இறங்கி நடந்தது. கால்வாய் பின்சியோ குன்றின் அடியில் போகிறது. குன்றின் மேலே பெலிசாரியஸின் மாளிகை. அருகில் பின்சியானா கோட்டை வாசல். அங்கே தரையிலிருந்து அதிக உயரமில்லாத ஓரிடத்தில் கால்வாய்ச் சுவரில் ஒரு விரிசல். காவலுக்கு நின்றவன் அந்த விரிசலில் வெளிச்சம் மினுங்குவதைப் பார்த்தான். கூட நின்றவர்களிடம் சொன்னான். அவர்கள் சிரித்தார்கள். ஓநாய் ஒன்று போயிருக்கும், அதன் கண் மின்னியிருக்கும், போய் வேலையைப் பார் என்றார்கள்.

உள்ளே போனவர்கள் இன்னும் கொஞ்சத் தூரம் நடந்தார்கள். பெலிசாரியஸ் கட்டிவைத்திருந்த அடைப்புச் சுவர் குறுக்கே நின்றது. அதற்கு மேல் வழியில்லை. இவ்வளவு தூரம் வந்ததற்குச் சாட்சியாக, சுவரிலிருந்து ஒரு கல்லைப் பெயர்த்து எடுத்துக்கொண்டு அரசனிடம் காட்டத் திரும்பிப் போனார்கள்.

ஆனால் ஓநாய்க் கதை பாசறையில் பரவிவிட்டது. காவல் மாறும்போது ஒருவருக்கொருவர் சொல்லிச் சிரித்த கதை, பெலிசாரியஸின் காதுக்கும் போனது. அவர் சிரிக்கவில்லை. உடனே ஆட்களைக் கால்வாய்க்குள் இறக்கினார். உள்ளே விளக்குகள் கிடந்தன, பந்தத்திலிருந்து உதிர்ந்த கரி கிடந்தது, சுவரில் ஒரு கல்லைக் காணோம். அன்றிலிருந்து கால்வாய்க்குள்ளும் காவல். விடிஜஸ் அந்தத் திட்டத்தைக் கைவிட்டான். பெலிசாரியஸின் செயலாளராக அந்த முற்றுகைக்குள் இருந்த புரோகோபியஸ் இதை எழுதிவைத்திருக்கிறார். ரோமை நிறுவிய இரட்டையர்களுக்குப் பால் கொடுத்தது ஓர் ஓநாய் என்பார்கள். ரோமைக் காப்பாற்றியது, அங்கே இல்லவே இல்லாத இன்னோர் ஓநாய்.

இதே முற்றுகையில் இன்னொன்று; சொல்லாமல் போனால் தூக்கம் வராது. தண்ணீர் நின்றதும் ஜனிகுலம் குன்றில் கால்வாய் நீரால் சுழன்ற மாவு ஆலைகளும் நின்றன. ஊருக்கு ரொட்டி இல்லை. பெலிசாரியஸ் திபேர் ஆற்றின் குறுக்கே கயிறு கட்டி, இரண்டு இரண்டு படகாக, நடுவில் இரண்டடி இடைவெளி விட்டு நிறுத்தி, இடைவெளியில் சக்கரத்தைத் தொங்கவிட்டார். ஆறே மாவரைத்தது. கோத்துகள் மேலிருந்து மரங்களையும் பிணங்களையும் மிதக்கவிட்டுச் சக்கரங்களை உடைத்தார்கள். ஆற்றின் குறுக்கே சங்கிலி போட்டு அதையும் தடுத்தார். மிதக்கும் ஆலைகள் அதன் பிறகு பல நூற்றாண்டுகள் திபேரில் இருந்தன.

பகைவன் உடைத்தது ஒரு பக்கம்; உள்ளூர்க்காரர்கள் திருடியது இன்னொரு பக்கம். கி.பி. 97-இல் நகரத்தின் நீர் ஆணையராக வந்த ஃபிரான்டினஸ், பொறுப்பேற்றதும் ஒன்பது கால்வாய்களையும் அளந்து ஒரு நூலே எழுதினார். வருகிற நீருக்கும் போய்ச்சேர்கிற நீருக்கும் கணக்கு உதைத்தது. தோண்டிப் பார்த்தால், நடைபாதைக்கு அடியில் எங்கு பார்த்தாலும் கள்ளக் குழாய். ஒவ்வொரு இணைப்புக்கும் முத்திரை பதித்த வெண்கல முனைதான் பொருத்தவேண்டும் என்பது விதி. முத்திரையில்லாத பெரிய முனையைப் பொருத்திவிட்டு ஊழியர்கள் கைநீட்டியிருந்தார்கள். ஒரு வீடு கைமாறினால் புது உரிமையாளருக்குப் புதுத் துளை போடுவது. பழைய துளையை அடைக்காமல் விட்டு, அந்தத் தண்ணீரைத் தனியாக விற்பது. குடிநீர் வாரியக் குழாயில் நேரடியாக மோட்டார் போட்டு உறிஞ்சும் நம் தெரு ஆசாமிகள் இவர் கையில் சிக்கியிருந்தால் நூலில் இன்னோர் அத்தியாயம் கூடியிருக்கும்.

இதற்குள் திரேவி வந்துவிட்டது. படத்தில் பார்க்காதவர் யாருமில்லை, ஆகவே சுருக்கமாக. நிக்கோலா சால்வி 1732-இல் தொடங்கினார், 1751-இல் இறந்தார், 1762-இல் மற்றவர்கள் முடித்தார்கள். விழும் காசுகள் கரித்தாஸ் தொண்டு நிறுவனத்துக்குப் போகின்றன. 2024 டிசம்பரில் சீரமைத்துத் திறந்தபோது, தொட்டியருகே ஒரே நேரத்தில் 400 பேருக்கு மேல் விடுவதில்லை என்று வரம்பு வைத்தார்கள். நீங்கள் போனால் கடல் தேவனையும் குதிரைகளையும் ஒரு நிமிடம் மறந்துவிட்டு, மேலே இரண்டு பக்கமும் உள்ள புடைப்புச் சிற்பங்களைப் பாருங்கள். வலப்பக்கம் அந்தச் சிறுமி வீரர்களுக்கு ஊற்றைக் காட்டுகிறாள். இடப்பக்கம் அக்ரிப்பா வரைபடத்துக்கு ஒப்புதல் தருகிறார். தொட்டியருகே போகப் படியிறங்க வேண்டியிருப்பதையும் கவனியுங்கள். படகுக்கு நேர்ந்த அதே கதைதான். 4 மீட்டர் சரிவு இங்கேயும் சிற்பிக்கு உத்தரவு போட்டிருக்கிறது. இவ்வளவு பெரிய ஆடம்பரம், நாம் கம்பியில் சாய்ந்து பார்த்தோமே, அந்தப் பாசி பிடித்த கால்வாயின் வாய்.

குடிப்பதற்கு இந்தத் தண்ணீர் வேண்டாம். குடிக்கத் தெருக் குழாய் இருக்கிறது. பெரிய மூக்கன் என்று ஊரார் செல்லமாகக் கூப்பிடும் நசோனே. 1870-களில் நகராட்சி நடத்தொடங்கிய வார்ப்பிரும்புத் தூண்கள். இப்போது 2,500 அளவில் இருக்கின்றன. வளைந்த குழாய் ஒன்று, எப்போதும் ஒழுகும் தண்ணீர், மூடுவதற்குத் திருகு கிடையாது. குழாயின் முதுகில் பொட்டளவு ஒரு துளை. கீழ்வாயை விரலால் அடைத்தால், அந்தத் துளை வழியாகத் தண்ணீர் வில்லாக எழும்பி நேரே வாய்க்கு வரும். எங்கள் குழுவில் முதலில் முயன்றவர் சட்டையை நனைத்துக்கொண்டார். அர்ஜென்டினா பெரியவர் தலையை நன்றாகச் சாய்த்து, ஒரு சொட்டு சிந்தாமல் குடித்துவிட்டு, முட்டியிலும் கொஞ்சம் தெளித்துக்கொண்டார். நசோனே தண்ணீர் ரியேத்தி பக்கத்து மலை ஊற்றிலிருந்து வருவது. வெயில் காலத்திலும் பல் கூசும். 2017 வறட்சியின்போது இவற்றை மூடத் தொடங்கியதும் ஊரே கொதித்தது. தெருக் குழாயில் போவது கொஞ்சம், பழைய குழாய்க் கசிவில் போவதுதான் மலையளவு என்று வாதிட்டார்கள். ஃபிரான்டினஸ் உயிரோடிருந்தால் தலையாட்டியிருப்பார்.

இந்த மூக்கன்களில் முதலில் வந்தவற்றுக்குக் குழாய் ஒன்றல்ல, மூன்று. ஒவ்வொன்றும் ஒரு டிராகன் தலை. அந்த வகையில் தப்பிப் பிழைத்த சிலவற்றில் ஒன்று பாந்தியன் சதுக்கத்தில் நிற்கிறது. ஆக, வாக்குக் கொடுத்தபடி பாந்தியன் வாசலுக்கு வந்து சேர்ந்துவிட்டோம். உள்ளேதான் போகவில்லை. நெற்றியில் கொட்டை எழுத்தில் இருக்கும் பெயர் யாருடையது என்று பாருங்கள்: அக்ரிப்பா. விர்கோவை அவர் வெட்டியதே இதன் பின்புறம் கட்டிய தன் குளியல் மண்டபத்துக்காகத்தான். ஆனால் இப்போது நிற்கும் கோயிலைக் கட்டியவர் அவரில்லை. நூறாண்டுக்கு மேல் கழித்து வந்த ஹாட்ரியன். பிறகு ஏன் அந்தப் பெயர்? 43 மீட்டர் குவிமாடத்தின் உச்சியில் மூடாத வட்டத் துளை. மழை பெய்தால் என்ன ஆகும்? பளிங்குத் தரையில் கண்ணுக்குச் சட்டென்று தெரியாத 22 துளைகள் எதற்கு?

அடுத்த வாரம் உள்ளே போகிறோம். நுழைவுக் கட்டணம் உண்டு, தோளும் முட்டியும் மூடிய உடை அவசியம். ஆசிரியர் அனுமதித்தால் அங்கிருந்து நவோனா சதுக்கத்துக்கும் எட்டிப்பார்க்கலாம். அங்கே இளைய பெர்னினி நம் கங்கையை ஆணாக்கி, கையில் துடுப்பும் கொடுத்து உட்காரவைத்திருக்கிறார். அந்தக் கங்கைக்கு ஊற்றுவதும் விர்கோ தண்ணீர்தான்.

(தொடரும்)